பதினோராவது படத்தோடு நின்ற நோட்டு

முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. இந்தக் கதையில் யாரும் சாகவில்லை, யாருக்கும் வேலை போகவில்லை, உலகத்தைப் புரட்டிப் போட்ட கண்டுபிடிப்பும் எதுவுமில்லை. ஒரு பெண்மணி இருபத்தொன்பது வருஷமாக அடக்கி வைத்திருந்த மூச்சை ஒரு நாள் பகல் பதினோரு மணி வாக்கில் விட்டாள், அவ்வளவுதான். ஆனால் அதை விடுவதற்குள் அவள் பட்ட பாடு இருக்கிறதே, அதைச் சொல்லாமல் விட்டால் பாவம்.

துறையில் அவளுக்கு 'தசமம்' என்று பெயர். கூட்டம் எத்தனை மணிக்கு முடியும் என்று கேட்டால் "மூணு புள்ளி ரெண்டு அஞ்சு" என்பாள். மூன்றே கால் என்று சொன்னால் வாய் வலித்துவிடும் போலிருக்கிறது. அந்தப் பெயர் அவள் காதில் விழாமல் பார்த்துக்கொள்வதாக மாணவர்கள் நினைத்துக்கொண்டிருந்தார்கள். அவளுக்கு எல்லாம் தெரியும். பிடித்தும் இருந்தது. வேதியியல் துறைத் தலைவருக்கு 'வழுக்கை' என்று பெயர். அதற்கு இது எவ்வளவோ தேவலை.

வேலை கோட்பாட்டு இயற்பியல். அதற்கு இயந்திரம் கிடையாது, ஆய்வுக்கூடம் கிடையாது. பென்சில், காகிதம், ரப்பர் போதும். எல்லாவற்றிலும் சீக்கிரம் தீர்வது ரப்பர்தான். அவள் கணவர் பல்செட் செய்கிறவர். வீட்டின் முன் அறைதான் அவர் பட்டறை. மேஜை நிறைய யார் யாருடைய வாய் அச்சோ சிரித்துக்கொண்டிருக்கும். பல்செட் வாங்க வருகிறவர்கள் "வீட்டுல அம்மா என்ன வேலை பாக்கறாங்க?" என்று கேட்டால் அவர் சொல்லுகிற பதில் ஒன்று உண்டு: "கண்ணுக்கே தெரியாத ஒண்ணு எவ்வளவு நேரம் உசிரோட இருக்கும்னு காகிதத்துல கணக்குப் போடுவா. அது செத்ததும் சம்பளம் வரும்." கடைசி வாக்கியத்தைத் தவிர மற்றதெல்லாம் சரி. துகள் என்று ஒன்று இருக்கிறது, அது தோன்றிய கணமே சிதைந்து வேறு துகள்களாகிவிடுகிறது. அந்தக் கணம் எவ்வளவு நீளம் என்று கணக்கிடுவதிலேயே அவள் ஆயுள் கழிந்தது.

அவளுடைய அப்பா லாரிகளை நிறுத்தி எடை போடும் மேடையில் வேலை பார்த்தவர். ஒரு லாரியை இரண்டு தடவை எடை போடுவார். முதல் எடையை எழுதி, அதன் மேல் உள்ளங்கையை வைத்து மூடிக்கொண்டுதான் இரண்டாவது தடவை முள்ளைப் பார்ப்பார். டிரைவர்கள் முணுமுணுப்பார்கள். "மொதல்ல வந்ததப் பாத்துட்டா கண்ணு மறுபடியும் அதையேதாம்பா பாக்கும்" என்பார் அவர், அவசரமே இல்லாமல். அவருக்குப் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதிய பெண் பிற்பாடு துகள்களை எடை போடப் போனாள். அதில் வியப்பதற்கு ஒன்றுமில்லை.

கல்லூரியில் அவளோடு படித்தவன் ஒருவன் இருந்தான். எந்த வாசலிலும் குனியாமல் நுழைய முடியாதவன், அதனால் நெட்டை. பேசினால் பாதி கிண்டல், மீதி கணக்கு. படிப்பு முடிந்து, ஆராய்ச்சிப் பட்டமும் வாங்கி, இருவரும் ஒரே ஆராய்ச்சி நிலையத்தில் வருஷா வருஷம் நீட்டிக்கிற தற்காலிக வேலையில் ஒட்டிக்கொண்டார்கள். அங்கேதான் அந்தக் கணக்கை எடுத்தார்கள்.

கணக்கு இதுதான். ஒரு துகள் எப்படியெல்லாம் சிதையலாம் என்பதை ஒவ்வொரு விதத்துக்கும் ஒரு கோட்டுப் படமாக வரைய வேண்டும். ஒவ்வொரு படத்துக்கும் பத்துப் பன்னிரண்டு பக்கம் கணக்கு. வருகிற எண்களையெல்லாம் கூட்டினால் விடை. ஒரு படத்தை விட்டுவிட்டாலும் தப்பு, ஒரே படத்தை இரண்டு தடவை எண்ணினாலும் தப்பு. ஒரே படம் திருப்பிப் போட்டு வரையப்பட்டால் புதிதாகத் தெரியும். அதில்தான் எல்லோரும் ஏமாறுவார்கள். மற்றவர்கள் கண்ணை மூடிக்கொண்டு மனசுக்குள் படத்தைத் திருப்பிப் பார்ப்பார்கள். அவள் தாளை எடுத்துக்கொண்டு ஜன்னலுக்குப் போவாள். கண்ணாடியில் தாளை ஒட்டிப் பிடித்து, வெளிச்சத்தில் பின்பக்கத்திலிருந்து பார்ப்பாள். "தசமம் ஜன்னலுக்குப் போயிட்டா, இனி யாருக்கும் வெளிச்சம் கெடையாது" என்பான் நெட்டை.

இருவரும் ஒரு நியமம் வைத்திருந்தார்கள். ஒரே கணக்கை இருவரும் தனித்தனியாகப் போட வேண்டும். ஒருவர் நோட்டை மற்றவர் பார்க்கக் கூடாது. முடிந்ததும் கடைசி எண்ணை மட்டும் ஒரு சீட்டில் எழுதி, உறையிலிட்டு ஒட்டி, அலுவலகத்து டைப்பிஸ்ட் அக்காவிடம் கொடுத்துவிட வேண்டும். இரண்டு உறையும் வந்த பிறகு அக்கா பிரிப்பார். எண்கள் ஒத்துப்போனால் கட்டுரை, ஒத்துப்போகாவிட்டால் சண்டை. எடைமேடைக்காரரின் மகளுக்கு இந்த ஏற்பாடு ரொம்பப் பிடித்திருந்தது. சொல்லப்போனால் ஏற்பாடே அவளுடையதுதான்.

அவள் பதினோரு படம் முடித்திருந்தபோது அவளுடைய அம்மா குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டார். மூன்று வாரம் ஆஸ்பத்திரி வாசம். அறுவை சிகிச்சை, காய்ச்சல், மறுபடியும் அறுவை சிகிச்சை. அதே சமயத்தில் வேறொரு நாட்டில் ஒரு குழு இதே கணக்கை முடிக்கப் போவதாகப் பேச்சு வந்தது. அடுத்த மாதம் நிரந்தர வேலைக்கான நேர்முகம். அப்போது அந்தக் கட்டுரை கையில் இருந்தால் வேலை, இல்லாவிட்டால் இன்னொரு வருஷம் தொங்கல். நெட்டை ஆஸ்பத்திரிக்கே வந்து, "நான் முடிச்சு உறையக் குடுத்துட்டேன். நீ மெதுவா முடி, அவசரமில்ல" என்று சொன்னான். அவசரமில்லை என்று அவன் சொன்ன விதத்திலேயே எவ்வளவு அவசரம் என்று தெரிந்தது.

ஒரு வியாழக்கிழமை மதியம் விடுமுறைப் படிவத்தில் கையெழுத்து வாங்க அவள் நிலையத்துக்குப் போனாள். டைப்பிஸ்ட் அக்கா டீ குடிக்கப் போயிருந்தார். மேஜைத் தட்டில் நெட்டையின் உறை கிடந்தது. அவள் யோசித்துச் செய்தாளா, யோசிக்காமல் செய்தாளா என்று அவளுக்கே இன்றுவரை தெரியாது. கை தானாக எடுத்தது, கால் தானாக நடந்தது, உறை ஜன்னல் கண்ணாடியில் ஒட்டிக்கொண்டு நின்றது. மட்டமான மெல்லிய உறை. உள்ளே 2.417.

அதே எண்ணை ஒரு சீட்டில் எழுதினாள். ஒட்டினாள். தட்டில் வைத்தாள். மறுநாள் அக்கா இரண்டையும் பிரித்து, "அட, ரெண்டும் ஒண்ணு" என்று கத்தினார். தன் கைக்காசில் கேக் வாங்கி வந்து துறை முழுவதற்கும் வெட்டிக் கொடுத்தார். எல்லோரும் தின்றார்கள். அவள் தன் துண்டைக் காகிதத்தில் சுற்றி, "அம்மாவுக்கு" என்று பொய் சொல்லிக் கைப்பையில் போட்டுக்கொண்டாள். இரண்டு நாள் கழித்துப் பையைத் திறந்தபோது எறும்பு மொய்த்திருந்தது.

கட்டுரை வெளிவந்தது. அதில் ஒரு வாக்கியம்: 'ஆசிரியர்கள் இருவரும் இக்கணக்கைத் தனித்தனியே முழுமையாகச் செய்து, முடிவுகளை ஒப்பிட்டுள்ளனர்.' போட்டிக் குழு பாதியிலேயே கடையைக் கட்டிவிட்டது. அவளுக்கு நிரந்தர வேலை கிடைத்தது. அம்மா எழுந்து நடந்து, அதற்குப் பிறகு பதினைந்து வருஷம் அவளை விரட்டிக்கொண்டே இருந்தார். நெட்டை மட்டும் ஏனோ அடுத்த வருஷமே ஆராய்ச்சியை விட்டுவிட்டு வானிலை அலுவலகத்துக்குப் போய்விட்டான்.

அந்த எண் மெல்ல ஊர் சுற்றியது. இருநூறு கட்டுரைகளில் அதை எடுத்துப் பயன்படுத்தினார்கள். யாரும் திரும்பப் போட்டுப் பார்க்கவில்லை. ஏன் பார்க்க வேண்டும்? இரண்டு பேர் தனித்தனியாகச் செய்ததென்று அச்சிலேயே இருக்கிறதே.

அவள் பேராசிரியை ஆனாள். சும்மா சொல்லக்கூடாது, நல்ல பேராசிரியை. ஆனால் ஆய்வேட்டில் 'சரிபார்க்கப்பட்டது' என்று யாராவது எழுதிவிட்டால் போதும், பிடித்துக்கொள்வாள். "யார் பாத்தாங்க? என்னைக்குப் பாத்தாங்க? நோட்டக் கொண்டா." இப்படியொரு சந்தேகப் பிராணியா என்று மாணவர்கள் தலையில் அடித்துக்கொண்டார்கள். அவள் யாரைச் சந்தேகப்பட்டாள் என்பது அவளுக்கு மட்டும் தெரியும். துறை புதுக் கட்டடத்துக்கு மாறியபோது ஜன்னலே இல்லாத மூலை அறையைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். என்ன தியாகம் என்று மற்றவர்கள் மெச்சிக்கொண்டார்கள். தியாகமாவது, ஒன்றாவது. அந்த வியாழக்கிழமைக்குப் பிறகு அவள் எந்தத் தாளையும் ஜன்னலில் வைத்துப் பார்த்ததில்லை. பதினோராவது படத்தோடு நின்ற நோட்டு மேஜையின் கடைசி இழுப்பறையில், எல்லாவற்றுக்கும் அடியில் கிடந்தது.

ஓய்வுபெற ஆறு மாதம் இருக்கும்போது கடிதம் வந்தது. மலைக்கடியில் குடைந்த சுரங்கத்தில் அந்தத் துகளின் ஆயுளை அளந்துகொண்டிருந்த குழுவின் தலைவி எழுதியிருந்தார். அளந்து முடிந்துவிட்டதாம். வெளியிடும்போது இவர்கள் எண்ணோடுதான் ஒப்பிடப் போகிறார்களாம். 'தனித்தனியாகச் செய்த இரண்டு கணக்குகளின் நோட்டுகளையும் படியெடுத்து அனுப்பினால் இணைத்துக்கொள்வோம். பத்து வாரம் அவகாசம் போதும் அல்லவா?' மரியாதையான கடிதம்.

இன்றைக்கு இதையெல்லாம் கம்ப்யூட்டரில் போட்டால் அரை நாள் வேலை. ஆனால் பாதியில் நின்றது அவள் கை. முடிக்க வேண்டியதும் அதே கைதான் என்று அவளுக்குத் தோன்றியது. புது நோட்டு வாங்கினாள். முதல் படத்திலிருந்து தொடங்கினாள். நான்கு வாரம் வகுப்பு நேரம் போக மற்ற நேரமெல்லாம் அந்த மூலை அறைதான். பத்தொன்பது படம் வந்தது. கூட்டினாள். 2.803.

மறுபடி கூட்டினாள். அதேதான். அச்சில் இருப்பது 2.417. வித்தியாசம் 0.386. அது அப்படியே பதினேழாவது படத்தின் எண். ஆக நெட்டை ஒரு படத்தை விட்டிருக்கிறான். அவன் எத்தனை படம் போட்டான் என்று கட்டுரையைப் புரட்டிப் பார்த்தாள். வழக்கம்போல மாதிரிக்கு நான்கை அச்சிட்டு, 'மற்றவை இவை போன்றவையே' என்று முடித்திருந்தார்கள். தப்பு அவனுடையதென்றாலும் பழி அவளுடையதுதான். அன்றைக்கு அவள் தன் கணக்கை முடித்திருந்தால் இரண்டு உறையும் ஒத்துப்போயிருக்காது, விட்டுப்போன படம் அப்போதே அகப்பட்டிருக்கும். இருநூறு கட்டுரைகள்.

ஒரு வாரம் வாய் திறக்காமல் இருந்தாள். எட்டாம் நாள் காலை, கணவர் ஒரு பல்செட்டுக்கு மெருகு போட்டுக்கொண்டிருக்கும்போது எதிரே ஸ்டூலில் வந்து உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னாள். ஆஸ்பத்திரி, உறை, ஜன்னல், எறும்பு மொய்த்த கேக் வரைக்கும். அவர் மெருகு போடுவதை நிறுத்தவில்லை. அவள் முடித்த பிறகுதான் நிறுத்தினார்.

"இதுக்குத்தான் கேக்குன்னா மூஞ்சத் திருப்பிக்கிறியா? நான் சக்கரை வந்துரும்னு பயப்படறேன்னு நெனச்சேன்."

"வெளையாடாதீங்க."

"வெளையாடல. வாயில வெச்சுப் பாக்காத பல்செட்ட நான் யாருக்கும் குடுத்ததில்ல. நீ குடுத்துட்ட. சரி. கடிக்க முடியலன்னு யாராவது வந்து நிக்கிறதுக்குள்ள நாமளே போய் வாங்கிச் சரி பண்ணிருவோம். அந்த நெட்டையன் எந்த ஊர்ல இருக்கான்?"

சொன்னதுமே பாதி பாரம் இறங்கியது போலிருந்தது. அந்த வாரத்தில் அன்றைக்குத்தான் அவள் வயிறாரச் சாப்பிட்டாள்.

நெட்டை ஐந்து மணி நேர ரயில் தூரத்து ஊரில் இருந்தான். ஓய்வுபெற்று, தனி வீடு, மாடியில் இன்னும் ஒரு மழைமானி. கதவைத் திறந்தவனுக்குத் தலை நரைத்திருந்தது. வாசல் நிலைக்குக் குனிகிற பழக்கம் மட்டும் அப்படியே. நாற்காலியில் உட்காருவதற்கு முன்னாலேயே அவள் சொல்லிவிட்டாள்.

"அன்னைக்கு நான் கணக்க முடிக்கல. உன் உறைய ஜன்னல்ல வெச்சுப் பாத்துட்டு அதே நம்பர எழுதிட்டேன்."

நெட்டை நேரே சமையலறைக்குப் போய் இரண்டு டம்ளரில் தண்ணீர் கொண்டுவந்து வைத்தான். ஒன்றை அவனே குடித்தான். அவனுக்குக் கோபம் வரட்டும், கத்தட்டும் என்று அவள் காத்திருந்தாள். அவனோ முகத்தை இரண்டு கையாலும் தேய்த்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்தான். சந்தோஷச் சிரிப்பென்று சொல்ல முடியாது.

"எனக்கு அன்னைக்கு ரெண்டு விடை இருந்துச்சு, தெரியுமா?"

"ரெண்டா?"

"ஒரு படத்தச் சேக்கணுமா வேணாமான்னு எனக்குக் கடைசி வரைக்கும் தெரியல. நீ ஆஸ்பத்திரில இருக்க, உங்கிட்டக் கேக்கவும் கூடாது, நம்ம நியமம். காசச் சுண்டிப் போட்டேன். விழுந்தத எழுதி உறைல போட்டேன். தப்பா இருந்தா உன் நம்பர் வேறயா வரும், உக்காந்து பேசிக்கலாம்னு இருந்தேன். மறுநாள் பாத்தா நீயும் அதே நம்பர். ரெண்டு பேர் தனித்தனியா தப்பு பண்ணி ஒரே நம்பர் வராதுன்னு நிம்மதியா தூங்கினேன்."

"அப்புறம் ஏன் வேலைய விட்டுட்டுப் போன?"

"அந்த நிம்மதி ஆறு மாசம்தான் தாங்கிச்சு. நீ கணக்குப் போட்டுக் கண்டுபிடிச்சத நான் காசு சுண்டிக் கண்டுபிடிச்சேன்னு தோணிட்டே இருந்துச்சு. இந்தத் தொழிலுக்கு நான் லாயக்கில்லன்னு முடிவு பண்ணிட்டேன். மழை ஆபீஸ்ல ரெண்டு விடை சொன்னா யாரும் கோவிச்சுக்க மாட்டாங்க."

அவள் செய்த காரியத்துக்கு அவன் தண்டனை அனுபவித்திருக்கிறான், அதுவும் அவளைப் பெரிய ஆளென்று நினைத்துக்கொண்டு. "நான் இப்ப முழுசா போட்டுட்டேன். எனக்கு வந்தது..."

"சொல்லாத." நெட்டை இரண்டு கையையும் நீட்டித் தடுத்தான். "நம்பரச் சொல்லாத, நோட்டக் காட்டாத, எத்தன படம்னும் சொல்லாத. எனக்கு மூணு வாரம் குடு. வேற வேல வெட்டி இல்ல. மொதல்லேருந்து போடறேன். உறை கொண்டு வரேன். டைப்பிஸ்ட் அக்கா இருக்காங்களா?"

இருந்தார். அவள் ஊரிலேயே, தன் மகன் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி.

வீடு திரும்பியதும் அவள் முதலில் செய்தது சுரங்கக் குழுத் தலைவிக்குக் கடிதம் எழுதியதுதான். எதையும் பூசி மெழுகவில்லை. 'கட்டுரையில் உள்ள அந்த வாக்கியம் அச்சானபோது உண்மையல்ல. என் கணக்கு முடியாமல், இணை ஆசிரியரின் எண்ணைப் பார்த்து எழுதினேன். அது அவருக்குத் தெரியாது. இப்போது இருவரும் முழுமையாகச் செய்துள்ளோம். சரியான எண்:' என்று எழுதி, எண்ணுக்கு மட்டும் இடம் விட்டாள். கீழே கையெழுத்துப் போட்டாள். 2.803 என்று எழுத மனசு வரவில்லை. அது நெட்டையின் உறையையும் பார்த்த பிறகுதான். ஆனால் என்ன எண் வந்தாலும் கடிதம் போகும், கட்டுரை வெளிவந்த இதழுக்கும் ஒரு படி போகும் என்பதில் அவளுக்குச் சந்தேகமில்லை. வேலை போனாலும் போகட்டும், பென்ஷன் நின்றாலும் நிற்கட்டும் என்றாள். "ஊர்ல எல்லாருக்கும் பல்லு விழுந்துட்டுதான் இருக்கு, நாம பட்டினி கெடக்க மாட்டோம்" என்றார் கணவர்.

இரண்டாவது வாரம் ஒரு காலை, கணவர் பட்டறை ஜன்னலருகே நின்றுகொண்டிருந்தார். பல்லின் நிறத்தை விளக்கு வெளிச்சத்தில் பார்க்கக் கூடாது. பகல் வெளிச்சத்தில்தான் பழுப்பு பழுப்பாகவும் வெள்ளை வெள்ளையாகவும் தெரியும். ஒரு பல்லை வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடித்து, ஒற்றைக் கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தார். அவள் டீ கொண்டுவந்தவள் அப்படியே நின்றாள். அவர் தூக்கிப் பிடித்த கையையே பார்த்தாள். பிறகு உள்ளே போய் நோட்டை எடுத்துவந்து, பதினான்காவது படமும் பதினேழாவது படமும் இருந்த தாள்களைக் கிழித்தெடுத்தாள்.

"கொஞ்சம் நகருங்க."

இருபத்தொன்பது வருஷம் கழித்து அவள் கையிலிருந்து ஒரு தாள் ஜன்னல் கண்ணாடிக்குப் போனது. பதினான்கை நேராக வைத்தாள். அதன் மேல் பதினேழைத் திருப்பிப் போட்டாள். வெளிச்சத்தில் கோட்டின் மேல் கோடு உட்கார்ந்தது. வளையத்தின் மேல் வளையம் உட்கார்ந்தது. வித்தியாசம் ஒன்றே ஒன்று: வளையத்தின் மேலிருந்த அம்புக்குறி. ஒன்றில் இந்தப் பக்கம் சுற்றியது, மற்றதில் அந்தப் பக்கம்.

மின்னூட்டம் உள்ள துகளின் கோட்டுக்கு அம்பு போடுவார்கள், எந்தப் பக்கம் ஓடுகிறது என்று காட்ட. இந்த வளையத்தில் சுற்றும் துகளுக்கு மின்னூட்டமே கிடையாது. போவதும் வருவதும் அதற்கு ஒன்றுதான். அம்பு போடவே கூடாது. இத்தனை வருஷமும் அவள் மின்னூட்டத் துகள்களோடு மாரடித்தவள். வளையத்தைக் கண்டால் அம்பு போட்டே பழகிய கை, கேட்காமலே போட்டிருக்கிறது. இரண்டுக்கும் ஒரே எண் வந்தபோதும் அவளுக்குச் சந்தேகம் வரவில்லை. எதிரெதிராகச் சுற்றினால் அப்படித்தான் வரும். அம்பை எடுத்துவிட்டால் அவை இரண்டு படமல்ல. ஒரே படம்.

ரப்பரை எடுத்து இரண்டு தாளிலும் அம்புகளை அழித்தாள். நிதானமாக அழித்தாள். பதினெட்டுப் படம். 2.417.

"என்னாச்சு?" என்றார் கணவர்.

அவள் ஜன்னல் கட்டையைப் பிடித்துக்கொண்டு கீழேயே உட்கார்ந்துவிட்டாள். "அந்தக் காசு சரியாத்தான் விழுந்திருக்குங்க" என்றாள். அவருக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனால் அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, ஆறிப்போன டீயை அவளிடமே கொடுத்தார்.

அப்போதே நெட்டைக்கு ஃபோன் போட்டிருக்கலாம். போடவில்லை. அவன் கணக்கு முடியட்டும், அவன் உறை வரட்டும். அவன் மறுபடியும் அந்தப் படத்தில் இடறினால் இரண்டு உறையும் இரண்டு எண் சொல்லும். அப்போது உட்கார்ந்து பேச வேண்டியதுதான். அந்த ஒரு வாரம் அவள் பட்டறை ஜன்னலடியிலேயே மேஜை போட்டு உட்கார்ந்து, பதினெட்டுப் படத்தையும் சுத்தமாகப் படியெடுத்தாள்.

சொன்ன நாளில் டைப்பிஸ்ட் அக்கா வீட்டில் நான்கு பேரும் கூடினார்கள். அக்காவுக்கு எழுபத்தேழு வயது. மூக்குக் கண்ணாடிக்கு மேலே இன்னொரு கண்ணாடி. தசமத்தின் கணவர் ஒரு கேக் பெட்டியோடு வந்திருந்தார். "ரெண்டும் சேரலன்னாலும் கேக் கேக்குதான்" என்பது அவர் கட்சி. அவள் தன் உறையை மேஜையில் வைத்தாள். நெட்டை தன் உறையை வைத்தான். வைத்துவிட்டு, சம்பந்தமில்லாதவன் மாதிரி மேலே மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அக்கா முதலில் அவளுடையதைப் பிரித்தார். "ரெண்டு புள்ளி நாலு ஒண்ணு ஏழு." பிறகு நெட்டையின் உறை. கிழித்ததும் உள்ளிருந்து கன்னங்கரேலென்று ஒரு தாள் வந்தது. நாலாக மடித்த தடித்த கறுப்புத் தாள். அதற்குள்ளே இன்னொரு கறுப்புத் தாள். அதற்குள்ளேதான் சீட்டு.

"இது எதுக்குடா இத்தன கறுப்புத் தாளு?" என்றார் அக்கா.

"வெளிச்சம் படாம இருக்கத்தாங்கா" என்றான் நெட்டை, மின்விசிறியிலிருந்து கண்ணை எடுக்காமல். "ஜன்னல் பக்கம் வெச்சா நெறம் மங்கிருமாம்."

அவளுக்கு முதலில் சிரிப்பு வந்தது. சிரித்துக்கொண்டிருக்கும்போதே அழுகை வந்தது. அவனிடம் மன்னிப்புக் கேட்க ரயிலில் ஐந்து மணி நேரம் உருப்போட்ட வார்த்தைகள் எல்லாம் அன்றைக்குச் சொல்லப்படாமலே கிடந்தன. இனி அவை வேண்டியதில்லை என்று புரிந்தது.

"ரெண்டு புள்ளி நாலு ஒண்ணு ஏழு" என்று அக்கா படித்தார். "அட, ரெண்டும் ஒண்ணு."

"இந்தத் தடவ காசு சுண்டல" என்றான் நெட்டை அவளைப் பார்த்து. "அந்தப் படத்த ராத்திரி பகலா வெறிச்சுப் பாத்தேன். கடைசில பாத்தா அம்பு. எவனோ முட்டாள் அம்பு போட்டு வெச்சிருக்கான், அது நாந்தான்."

"நானும் போட்டேன்" என்றாள் அவள்.

அக்கா இரண்டு சீட்டையும் மாறி மாறிப் பார்த்தார். "அன்னைக்கும் இதே நம்பர்தானே வந்துச்சு? எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. அப்புறம் எதுக்கு மறுபடியும்?"

"அன்னைக்கு நான் கணக்குப் போடலக்கா. இன்னைக்குத்தான் போட்டேன்."

அக்காவுக்கு அது எவ்வளவு புரிந்ததோ தெரியாது. ஆனால் துறை முழுக்க வெட்டிக் கொடுத்த கேக் அவருக்கு ஞாபகம் இருந்தது. "அப்ப நான் வாங்கிக் குடுத்தத என்ன பண்ண?"

"திங்கலக்கா. எறும்பு தின்னுடுச்சு."

அக்கா எழுந்தார். பிறகு கத்தியை எடுத்து, பெட்டியைத் திறந்து, ஒரு பெரிய துண்டாக வெட்டி, தட்டெல்லாம் தேடாமல் அவள் உள்ளங்கையிலேயே வைத்தார்.

அவள் கைப்பையிலிருந்து கடிதத்தை எடுத்து, இடது கையில் கேக்கோடு, விட்டிருந்த இடத்தில் எண்ணை எழுதினாள். மூன்று தசமம். நெட்டை தன் கையெழுத்தைப் பக்கத்தில் போட்டான். பிறகு அவள் கேக்கைத் தின்றாள். முழுவதையும் தின்றுவிட்டு, விரலைத் துடைத்துக்கொண்டு, இன்னொரு துண்டு கேட்டாள்.